குட்டை மயிலையைக் கூப்பிட்ட குரல்

ஜனவரி 19, ஞாயிறு

கொழுந்தனுக்கு மதுரைக்கே மாற்றல் வந்துவிட்டது. பதினான்கு வருடம் ஓசூரில் இருந்தவர்கள் இனி எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இருப்பார்கள். ஓரகத்தி முத்துமீனாள் வந்ததும் வராததுமாக என் அடுப்படிக்குள் நுழைந்து, கொதித்துக்கொண்டிருந்த ரசத்தில் நாலு மிளகைத் தட்டிப் போட்டாள். சாப்பிட்டுவிட்டு அத்தை சொன்னார்கள்: "மீனா கை பட்டாலே தனி ருசிதான்."

இருபத்தாறு வருடமாக இந்த வீட்டில் ரசம் வைப்பவள் நான். பாத்திரத்தைக் கொஞ்சம் சத்தமாக வைத்தேன்.

கிளம்பும்போது அவள் என் பக்கத்தில் வந்து நின்றாள். "அக்கா, மாசாமாசம் மலைக்குக் கூட்டிட்டுப் போறீங்களாமே. நானும் வரட்டுமா?"

"ஏறணும்மா. உனக்கு முடியுமா?"

கொழுந்தன் முந்திக்கொண்டார். "அண்ணி கூடத்தானே, போயிட்டு வரட்டும்."

அவர்கள் போன பிறகு நெடுநேரம் எரிச்சலாக இருந்தது. ஆறு வருடத்துக்கு முன் நான் தொடங்கியது இந்த 'காலாற' நடை. மாதத்தின் முதல் ஞாயிறு. வீட்டில் நான் மருமகள், பத்திரப்பதிவு அலுவலகத்தில் எழுத்தர். மலையில்தான் நாற்பது பேர் என் முகத்தைப் பார்த்து, "மேடம், அடுத்து எங்கிட்டு?" என்று கேட்கிறார்கள். அது ஒன்றுதான் என்னுடையது.

பிப்ரவரி 1, சனி

விசில், முதலுதவிப் பை, ஓஆர்எஸ் பத்துப் பொட்டலம். முப்பத்தெட்டுப் பேருக்கு இட்லி சொல்லியாயிற்று. மீனாளையும் சேர்த்து முப்பத்தொன்பது. இட்லிக்கடைக்காரருக்கு மறுபடி போன் போட வேண்டியதாகிவிட்டது. அவளால் முதல் வேலை.

பிப்ரவரி 2, ஞாயிறு

மேலூர் ரோட்டில் இறங்கி, கீழச்சுனை வழியாக ஊமைக்கரடு. தை அறுவடை முடிந்ததிலிருந்து அடிவாரத்துப் புஞ்சைகளில் சங்கையாவின் மாட்டுக் கிடை போட்டிருக்கிறது. வந்தவர்களுக்கு எப்போதும் சொல்வதைச் சொன்னேன். நூற்றிருபது மாடுகள், எல்லாம் புலிக்குளம் மாடுகள். பகலில் கரட்டில் மேயும், இரவில் புஞ்சையில் அடையும். போடும் சாணியும் கோமியமும்தான் அந்த மண்ணுக்கு உரம். பத்து நாளானால் கிடையை அடுத்த புஞ்சைக்கு மாற்றுவார்கள். மாட்டை நடத்திப் போகும் தலைவருக்குக் கீதாரி என்று பெயர், இந்தக் கிடைக்குச் சங்கையா.

நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் லூர்துசாமி சார் வழக்கம்போல ஒரு கேள்வி கேட்டார். "ஏம்மா, எல்லா மாடும் ஒரே பக்கமா மூஞ்சியை வச்சு மேயுதே, அது ஏன்?"

எனக்குத் தெரியாது. "பழக்கம் சார்" என்றேன்.

பின்னாலிருந்து மீனாள் சொன்னாள்: "காத்துக்கு எதிரா மேயும் சார். எதுக்க என்ன வருதுன்னு மோப்பம் கிடைக்கணும்ல."

அவ்வளவுதான். முப்பத்தெட்டு முகமும் அவள் பக்கம் திரும்பிவிட்டன. கிடைக்குள் நுழையும்போது செருப்பைக் கழற்ற வேண்டும் என்று ஒவ்வொரு தடவையும் விசில் ஊதிச் சொல்வேன். திரும்பிப் பார்த்தால் அவள் ஏற்கெனவே கழற்றிக் கையில் வைத்திருக்கிறாள், அவளைப் பார்த்து எல்லாரும் கழற்றியிருக்கிறார்கள். விசிலை எடுத்த நான் சும்மா நின்றேன். சங்கையாவின் மனைவி பேச்சி ஒரு செம்பு மோர் கொண்டுவந்து நேராக அவள் கையில் கொடுத்தாள். ஆறு வருடமாக நானும் போகிறேன். எனக்கு மோர் வந்ததில்லை.

பொறாமை என்று நினைக்க வேண்டாம். உள்ளதைச் சொல்கிறேன்.

பிப்ரவரி 3, திங்கள்

வாட்ஸ்ஆப் குழுவில் நேற்றைய நடை பற்றி முப்பத்தொரு செய்தி. அதில் இருபத்திரண்டு மீனாளைப் பற்றி. எண்ணவில்லை, கண்ணில் பட்டது.

பிப்ரவரி 16, ஞாயிறு

அடுத்த நடைக்குப் பாதை பார்க்கச் சாயங்காலம் கீழச்சுனைக்குப் போனேன். தனியாகப் போகத்தான் நினைத்தேன். பஸ் ஸ்டாப்பில் அவள் நிற்கிறாள். என் வீட்டுக்காரர்தான் நேரத்தைச் சொல்லியிருக்கிறார்.

முன்பு கிடை போட்ட புஞ்சையை, நிலத்துக்காரர் ஒச்சப்பன் உழுது எள் விதைத்துவிட்டார். கிடை இப்போது அதற்கு அடுத்த புஞ்சையில். பொழுது இறங்கியதும் சங்கையா ஒரு பாறையில் ஏறி நின்று குரல் கொடுத்தார். "ஏஏ... மயிலோ..ய்" என்று அடிவயிற்றிலிருந்து கிளம்பி, கடைசியில் மூக்குக்குள் மடங்கி முடிகிற குரல். கரட்டு உச்சியில் முன்னோடிப் பசுவான குட்டை மயிலை தலையைத் தூக்கினாள். குள்ளமாக, சாம்பல் நிறத்தில், பார்த்தால் ஒன்றுக்கும் ஆகாதவள்போல இருப்பாள். அவள் இறங்கினால் நூற்றிருபதும் இறங்கும். சங்கையாவின் மச்சினன்மார் இரண்டு பேர் எள் புஞ்சைப் பக்கம் கம்பை நீட்டிக்கொண்டு நின்று மாட்டை ஒதுக்கிவிட்டார்கள்.

நான் போனில் பதிவு செய்தேன். அப்போது சங்கையா மீனாளிடம், "நீ ஒரு சத்தம் குடு பாப்போம்" என்றார். அவளும் கொடுத்தாள், மாட்டுக் குளம்புச் சத்தத்தில் எனக்குச் சரியாகக் கேட்கவில்லை. பின்தங்கி நின்ற மாடெல்லாம் ஓடிவந்தன. குட்டை மயிலை மீனாளின் உள்ளங்கையை நக்கினாள். சங்கையா சிரித்தார். "யாரு வீட்டுப் பிள்ளைத்தா நீ?"

அவள் குரலைத் தாழ்த்திச் சொன்னது எனக்குக் கேட்டது. "திருப்பாச்சேத்திப் பக்கம். எங்கப்பாவும் கீதாரிதான்."

திரும்பும்போது பஸ்ஸில் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அக்கா, வீட்ல சொல்லிறாதீங்க. பொண்ணு பாக்க வந்தப்ப விவசாயம்னு சொல்லிட்டாங்க. அப்பா செத்து மாட்டையெல்லாம் வித்த வருசம்தான் என் கல்யாணம். அத்தைக்குத் தெரிஞ்சா மாட்டுக்குப் பின்னாடி அலைஞ்ச வீடான்னு கேப்பாங்க."

"நான் ஏன் சொல்லப் போறேன்" என்றேன். சொல்லவும் மாட்டேன். ஆனால் இவ்வளவு நாளும் தெரியாதவள்போலப் பின்னாலேயே வந்தாளே, அதுதான் எனக்கு ஆறவில்லை. பிறந்ததிலிருந்து தெரிந்ததை வைத்துக்கொண்டு, ஆறு வருடமாகப் படித்துப் படித்துச் சேர்த்தவளிடம் வந்து நிற்பதும் ஒரு நியாயமா?

பிப்ரவரி 18, செவ்வாய்

மொட்டை மாடியில் துணி காயப்போடும்போது பதிவைப் போட்டுக் கேட்டேன். கீழே வந்ததும் வீட்டுக்காரர், "தொண்டை கட்டிருச்சா? மாடியில என்னமோ முக்குன சத்தம் கேட்டுச்சே" என்றார்.

பிப்ரவரி 21, வெள்ளி

அடிவயிற்றிலிருந்து எடுப்பது வந்துவிட்டது. மூக்குக்குள் மடக்குவதுதான் வரவில்லை.

பிப்ரவரி 24, திங்கள்

வந்துவிட்டது.

பிப்ரவரி 26, புதன்

சிவராத்திரி. குலதெய்வக் கோயிலில் மொத்தக் குடும்பமும். மீனாள் வைத்த பொங்கல் பொங்கி வடக்கே வழிந்தது. என்னுடையது பொங்கவே மாட்டேன் என்றது, ஈர விறகு. அத்தை எல்லாரிடமும் வடக்கே வழிந்ததையே சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை வரட்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

மார்ச் 2, ஞாயிறு

நடை. நாற்பத்தோரு பேர். எழுதப் பிடிக்கவில்லை.

மார்ச் 3, திங்கள்

அலுவலகத்துக்கு லீவு சொல்லிவிட்டேன்.

நேற்றுக் காலை எட்டு மணிக்குக் கரட்டின் இடுப்பில் நின்றோம். மாடுகள் எங்களுக்கு மேலே மேய்ந்துகொண்டிருந்தன. சங்கையாவும் மச்சினன்மாரும் மறுசரிவில் ஒரு கன்றைத் தேடிப் போயிருந்தார்கள். கூட்டம் மீனாள் சொன்னதையே பேசிக்கொண்டு நின்றது, அவள் இன்னொரு பாறைக்கு அந்தப் பக்கம் மாட்டைப் பார்க்கப் போயிருந்தாள். நான் தண்ணீர் பாட்டில்களை எண்ணிக்கொண்டு, ஒரு பாறைக்குப் பின்னால், கொஞ்சம் தள்ளி நின்றேன். அப்போது ஒரு குரல் கேட்டது. குட்டை மயிலை தலையைத் தூக்கினாள். இறங்கினாள். நூற்றிருபதும் இறங்கின. ஒதுக்கிவிட ஆளில்லை. எங்களைத் தாண்டி, நேராக ஒச்சப்பனின் எள் புஞ்சைக்குள்...

குரல் கேட்டதாம். எனக்கு நானே எழுதும் நோட்டிலும் இப்படியா?

நான்தான் கூப்பிட்டேன். ஒரே ஒரு தடவை. குட்டை மயிலை என்னிடம் வந்தால் எல்லாரும் திரும்பிப் பார்ப்பார்கள் என்று. அவள் வந்துவிட்டாள். பத்து விநாடி, என் ஆயுளில் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை. அதற்குள் மற்றவை வேகமெடுத்துவிட்டன. லூர்துசாமி சார் ஒரு முள்ளுக்குள் விழுந்து எழுந்தார், வேறு யாருக்கும் அடியில்லை. ஆனால் இரண்டு இலை விட்டிருந்த எள்ளெல்லாம் சேறும் குளம்புமாகப் போயிற்று. முந்தின நாள்தான் தண்ணீர் கட்டியிருக்கிறார்.

ஒச்சப்பன் தலையில் அடித்துக்கொண்டே ஓடிவந்தார். "எவன்டா வெயில்ல அடையற சத்தம் குடுத்தது?"

நான் வாயைத் திறக்கத்தான் போனேன். சத்தியமாகத் திறக்கப் போனேன். அதற்குள் மீனாள் முன்னால் வந்துவிட்டாள். "நான்தாண்ணே. எங்கப்பா கீதாரி, எனக்குச் சத்தம் தெரியும். விளையாட்டாக் குடுத்துட்டேன். என்னைய வைங்க."

வைதார். சங்கையாவை அதற்கு மேல் வைதார். இரண்டு நாளில் கிடையைக் கிளப்பிக்கொண்டு போய்விட வேண்டும் என்றார். சங்கையா தலைத்துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அந்தக் கூட்டத்தில் யாரோ இதை வீடியோ எடுத்திருக்கிறார்கள்.

இப்போது அந்தப் பதிவை முதல் முறையாகக் கடைசி வரை கேட்டேன். குரல் முடிந்ததும் நான் எப்போதும் நிறுத்திவிடுவேன். அதற்குப் பிறகு சங்கையா பேசுவது பதிவாகியிருக்கிறது. "இது அடையறதுக்கு மட்டுந்தான் தாயி. வெயில்ல குடுத்துறக் கூடாது, நேராப் பட்டிக்குப் போயிரும்." என்னிடம்தான் சொல்லியிருக்கிறார். அப்போது நான் மீனாளைப் பார்த்துக்கொண்டிருந்திருப்பேன்.

மார்ச் 5, புதன்

குழுவில் எல்லாரும் என் பக்கம். 'தவமணி மேடம் எவ்வளவு பொறுமையாகச் சமாளித்தார்.' 'அனுபவம் அனுபவம்தான்.' 'புதியவர்களை இனி கட்டுப்படுத்த வேண்டும்.' ஒவ்வொன்றையும் இரண்டு தடவை படித்தேன். இனித்தது என்று எழுதவே கூச்சமாக இருக்கிறது, ஆனாலும் இனித்தது.

மார்ச் 7, வெள்ளி

வீடியோ கொழுந்தனுக்கு வந்துவிட்டது. அவரிடமிருந்து அத்தைக்கு. சாயங்காலம் எங்கள் வீட்டில் பஞ்சாயத்து. மீனாள் மூலையில் நின்றாள்.

அத்தை கேட்டார்கள்: "பதினாலு வருசம் மூச்சு விடலையே! கிடை போட்டு ஊரூரா அலைஞ்ச வீட்லயாடி பொண்ணெடுத்தோம்?"

கொழுந்தன் தரையைப் பார்த்துக்கொண்டு, "இனிமே நடை கிடைன்னு ஒண்ணும் வேணாம். வீட்ல இருக்கட்டும்" என்றார்.

மீனாள் அதுவரை அழவில்லை. அப்போது அழுதாள். நான் எல்லாருக்கும் காபி கலந்தேன். அவளுக்கு மட்டும் சர்க்கரை கூடப் போட்டேன். அதை ஏதோ பெரிய பரிகாரம்போலக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

மார்ச் 9, ஞாயிறு

துணி துவைத்தேன். ஜன்னல் துடைத்தேன். பரணைக்கூட ஒழித்தேன். வீட்டுக்காரர், "பொங்கல் போயி ரெண்டு மாசமாச்சு, இப்ப என்ன?" என்றார்.

சங்கையா கிடை அன்று சொன்னபடியே கிளம்பிவிட்டதாம். ஒன்பது கல் தள்ளி, நிழலே இல்லாத ஒரு கண்மாய்க் கரையில் போட்டிருக்கிறார்களாம்.

மார்ச் 13, வியாழன்

மீனாள் ஏன் சொன்னாள்? என்னைச் சின்னவளாக்கத்தான் சொன்னாளா? பெரிய மனசுக்காரி என்று பேர் வாங்கவா? அப்படியென்றால் பேர் வாங்கவில்லையே, அவப்பேர்தானே வாங்கினாள்? எந்தப் பக்கம் திருப்பிப் பார்த்தாலும் அவள்தான் உயரமாகத் தெரிகிறாள். எனக்கு அது பொறுக்கவில்லை. ஆமாம், பொறாமைதான். எழுதிவிட்டேன்.

மார்ச் 16, ஞாயிறு

அவள் வீட்டுக்குப் போனேன். கொழுந்தன் கடைக்குப் போயிருந்தார். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். எதிரில் உட்கார்ந்து நானும் ஒரு பிடி எடுத்து ஆய்ந்தேன்.

"அன்னைக்குக் கூப்பிட்டது நான்தான்" என்றேன்.

"தெரியும்க்கா. உங்க குரல் எனக்குத் தெரியாதா?"

"அப்புறம் ஏன் பழியை நீ வாங்கிக்கிட்ட?"

அவள் கீரையைக் கீழே வைத்தாள். முதல் தடவையாக அவள் முகத்தில் கோபத்தைப் பார்த்தேன். "உங்களுக்காகன்னு நெனச்சீங்களா? நீங்கன்னு தெரிஞ்சா நடையே நின்னுரும். அது நின்னா எனக்கு ஏதுக்கா வெளியேறுற வழி? 'அண்ணி கூடத்தானே'ங்கிற ஒரு வார்த்தையிலதான் நான் மாட்டைப் பாத்தேன், பதினாலு வருசம் கழிச்சு. நானே ஒத்துக்கிட்டா ஒரு மாசம் வைவாங்க, பொறகு விட்ருவாங்கன்னு நெனச்சேன். எங்கப்பா பேரைச் சொன்னது அவசரத்துல வாயில வந்துருச்சு. எல்லாம் தப்பாப் போச்சு."

நான் ஆய்ந்த கீரையை அவள் தட்டில் போட்டேன்.

"இன்னொன்னு சொல்றேன், கேட்டுக்கங்க. அன்னைக்குச் சாயங்காலம் நான் கூப்பிட்டதுக்கு மாடு வந்துச்சுன்னுதானே நெனச்சீங்க? வரலை. சங்கையா அண்ணன் எனக்குப் பின்னால நின்னு கையை ஆட்டுனாரு, அதுக்கு வந்துச்சு. குட்டை மயிலை நக்குனது பேச்சி குடுத்த மோர் வழிஞ்சு என் கையில இருந்த உப்பை. மாட்டோட பொறந்து வளந்தவ நான். பதினாலு வருசம் வாயை மூடி இருந்ததுல என் குரல் செத்துப்போச்சு. ரெண்டு தெரு தள்ளி எனக்குக் கேக்க மொட்டை மாடியில நின்னு பழகுன உங்களுக்கு அது வருது. அத்தை முன்னால நான் எதுக்கு அழுதேன்னு நெனைக்கிறீங்க? பழி விழுந்ததுக்கா? அந்தக் குரலைத் திரும்பப் பிடிக்க இருந்த ஒரு வழியும் போச்சேன்னுதான்."

கொழுந்தனின் வண்டிச் சத்தம் கேட்டது. அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கீரையை எடுத்தாள்.

என்னைப் பார்த்து ஒருத்தி பொறாமைப்பட்டிருக்கிறாள். இத்தனை நாளும் எதற்காக ஏங்கினேனோ அது இதுதான். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அது கிடைத்த சந்தோஷத்தைத் தேடிப் பார்த்தேன். இல்லை.

மார்ச் 17, திங்கள்

காலையில் அத்தைக்கு மாத்திரை கொடுக்கும்போதே சொல்லிவிட்டேன். மாட்டைக் கூப்பிட்டவள் நான், மீனாள் இல்லை. பக்கத்தில் வீட்டுக்காரரும் இருந்தார். அவர், "அப்ப மாடியில..." என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார்.

அத்தை மாத்திரையைக் கையிலேயே வைத்துக்கொண்டார்கள். "உனக்கு என்னத்தா குறைச்சல்?" என்றார்கள். திட்டியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன்.

"மீனா நடைக்கு வரணும் அத்தை. அவ வரலைன்னா நானும் போகலை."

"அவ அப்பன் கீதாரிதானே? அது பொய்யில்லையே?"

"பொய்யில்லை. ஆறு வருசமா அந்தக் கீதாரியைக் காட்டத்தான் நான் ஆளுகளைக் கூட்டிட்டுப் போறேன். அங்க நின்னு பெருமையாப் பேசுறேன். நம்ம வீட்லயே ஒருத்தி இருந்திருக்கா."

அத்தை மாத்திரையை விழுங்கிவிட்டுத் தண்ணீர் கேட்டார்கள். மத்தியானம் அவர்களே கொழுந்தனுக்குப் போன் போட்டார்கள். என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது.

இரவு குழுவிலும் எழுதினேன், ஏழு வரி. நாலு பேர் வெளியேறினார்கள். ஒருவர், 'முத்துமீனாள் அவர்களின் பெருந்தன்மைக்குத் தலைவணங்குகிறோம்' என்று போட்டார். அதன் கீழே முப்பது கைகூப்பல். நான் தப்பை ஒத்துக்கொண்டாலும் அவளுக்குத்தான் மாலை. சிரிப்பு வந்துவிட்டது.

மார்ச் 23, ஞாயிறு

விதை எள்ளை எடுத்துக்கொண்டு ஒச்சப்பன் வீட்டு வாசலில் நின்றேன். "பட்டம் போயிருச்சுத்தா, இனி வெதச்சு என்ன" என்றார். ஆனாலும் பையை வாங்கி உள்ளே வைத்தார். சங்கையாவைத் திரும்ப விடுவீர்களா என்று கேட்டேன். அறுப்பு முடிந்து அடுத்த தையில் பார்க்கலாம் என்றார்.

அங்கிருந்து கண்மாய்க் கரைக்குப் போனேன். சங்கையா நான் சொன்னதை முழுக்கக் கேட்டார். கடைசியில், "குரல் நல்லாத்தான் இருந்துச்சு தாயி. அதான் வினை. இனி என் மாட்டுக்கிட்ட வந்தா வாயைத் தொறக்கக் கூடாது" என்றார். பேச்சி இன்றும் எனக்கு மோர் தரவில்லை.

ஏப்ரல் 5, சனி

இட்லி இருபத்தாறு பேருக்கு. ஓஆர்எஸ் கூடுதலாக எடுத்து வைத்தேன், இந்தத் தடவை நடை சங்கையா இருக்கும் கண்மாய்க் கரைக்கு, அங்கே நிழல் இல்லை. விசிலை மீனாள் வீட்டில் கொடுத்துவிட்டு வந்தேன். அவள் வேண்டாம் என்றாள். கொழுந்தன்தான், "அண்ணி குடுக்குறாங்கல்ல, வாங்கிக்க" என்றார்.

ஏப்ரல் 6, ஞாயிறு

மீனாள் நடத்தினாள். நான் வரிசையின் கடைசியில், மூச்சு வாங்குகிறவர்களோடு வந்தேன். ஆறு வருடத்தில் இந்த மனிதர்களின் முதுகை நான் பார்த்ததே இல்லை.

நன்றாகப் பேசினாள். எனக்கு வராத எளிமையோடு பேசினாள். "எங்கப்பாவும் கீதாரிதான்" என்று தொடங்கினாள். அந்தப் பழைய எரிச்சல் ஒருமுறை எழுந்து உட்கார்ந்தது. அது என்னோடுதான் இருக்கும்போலிருக்கிறது.

லூர்துசாமி சார் கேட்டார்: "நீங்க ஒரு சத்தம் குடுங்களேன், கேப்போம். கீதாரி பக்கத்துலதானே இருக்காரு."

மீனாள் மாடுகளைப் பார்த்தாள். பிறகு எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னாள்: "எனக்கு வராது சார். எங்க அக்காவுக்குத்தான் வரும்."

இருபத்தைந்து முகமும் என் பக்கம் திரும்பின. ஆறு வருடம் பழகிய முகங்கள். ஒன்றிரண்டில் கோபம், மற்றவற்றில் ஆசை. சங்கையா என்னைப் பார்த்தார். "ஒண்ணே ஒண்ணு குடு தாயி, நான் இருக்கேன்" என்றார்.

அடிவயிற்றில் அது தயாராக இருந்தது. மீனாள் தலையைக் குனிந்து விசில் கயிற்றை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள்.

"இல்லைண்ணே. மொதல்ல இவளுக்குச் சொல்லிக் குடுங்க" என்றேன். "இவளுக்கு வந்த பொறகு நான் கூப்பிடுறேன்."

சங்கையா பாறையிலிருந்து இறங்கி அவளிடம் போனார். முதல் தடவை அவளுக்குக் காற்றுதான் வந்தது. இரண்டாம் தடவையும் அப்படியே. யாரோ சிரித்தார்கள். நான் திரும்பி முறைத்தேன், நிறுத்திக்கொண்டார்கள்.